தத்தித் தத்தித் தைத்த மெஷின்

சித்தி கேமராவோடு கிளம்பிவிட்டாள் என்று கேள்விப்பட்டால் போதும், பீரங்கிகள் தாமாகவே வாயை மூடிக்கொள்ளும். தளபதிகள் தலைவாரிக்கொண்டு வரிசையில் நிற்பார்கள். ஆவணப்படம் எடுப்பதில் அவளுக்கு நிகர் அவளேதான். கேஸ் அடுப்பைப் பற்றவைக்க மட்டும் பயம்.

அப்பேர்ப்பட்டவளை ஒரு தையல் மெஷின் கவிழ்த்துவிட்டது.

சண்டை உச்சத்தில் இருந்த காலம். துப்பாக்கிக்காரர்கள் கடைத்தெருவில் ஆட்களை இழுத்துப்போனதைக் கண்ட தையல்காரர் ஒருவர், முகம் தெரியாது என்ற உறுதியின்பேரில் பேசினார். சித்தி முகத்தை இருட்டாக்கினாள், குரலை மாற்றினாள். காட்சி உயிரோட்டமாக இருக்கட்டுமே என்று மெஷின் சத்தத்தை மட்டும் அப்படியே விட்டுவிட்டாள். டக், டடக், டக். நடுவில் ஒரு தத்தல். அது யார் மெஷின் என்று அந்தத் தெருவில் கைக்குழந்தைக்கும் தெரியும்.

படம் ஒளிபரப்பான மறுநாள் கடை பூட்டிக் கிடந்தது. ஆளைக் காணோம்.

அந்தப் படத்துக்குக் கிடைத்த விருது கட்டிலுக்கடியில் பழைய செருப்போடு கிடக்கிறது. பக்கத்து வீட்டில் யாராவது மெஷினை மிதித்தால் சித்தி எழுந்துபோய் ஜன்னலைச் சாத்துவாள். ஏன் என்று கேட்டால், "கொசு" என்பாள்.

சண்டை ஓய்ந்தது. ஊரைவிட்டு ஓடியவர்கள் குடியேறிய இடங்களைப் படமெடுக்கப் போனவள், ஹெட்போனை மாட்டிக்கொண்டு, தெருச் சத்தத்தைத் தனியாகப் பதிந்துகொண்டே ஒரு சந்துக்குள் திரும்பினாள்.

டக், டடக், டக்.

ஓடினாள். கதவைத் தட்டக்கூட மறந்துபோயிற்று. தையல்காரர் வாயிலிருந்த குண்டூசியை எடுத்துவிட்டு நிமிர்ந்தார்.

"வாங்கம்மா. இந்தத் தடவ சத்தத்தயும் மறைப்பீங்கல்ல?"

"நீங்க... உங்கள அவங்க..."

"டிவியில என் மெஷினோட சத்தம் எனக்கே கேட்டுச்சு. மூஞ்சிய மறைச்சு என்ன பிரயோஜனம்? படம் முடியறதுக்குள்ள மூட்டையக் கட்டிட்டோம்."

"மெஷினையுமா தூக்கிட்டு ஓடுனீங்க?"

"பின்ன? நான் ஒரு பக்கம், பொண்டாட்டி ஒரு பக்கம். வழி பூரா அவ உங்களத்தான் திட்டுனா."

"இத ரிப்பேராவது பண்ணக்கூடாதா?"

"பண்ணியிருந்தா இப்ப வந்திருப்பீங்களா?"

சித்தி சிரித்தாள். சிரிப்பு பாதியில் உடைந்து, ஓவென்று அழுதாள். கத்தரி நறுக்கென்றது. "காலர் துணிதான், தொடைங்கம்மா" என்றார் அவர்.

நான் எழுதியதை இதுவரை படித்த சித்தி தாளைக் கீழே வைத்தாள்.

"ஏண்டி வாலு, நான் அழுதத யார்கிட்டயும் சொல்லலையே. அது ரெக்கார்டர்ல மட்டும்தான இருக்கு! ஹெட்போனக் காணோம்னு நான் பீரோவக் கவுத்தப்ப, நீயும் கூடச் சேந்துல்ல தேடுன?"

தலையணைக்கடியிலிருந்து ஹெட்போன் மெல்ல வெளியே வந்தது.

"மெஷின் சத்தம் மட்டும்தான் கேட்டேன் சித்தி."

"அப்புறம் கண்ணு ஏன் செவந்திருக்கு?"

"கொசு."