ஐந்து முறை உள்ளே வந்த லாரி

மலேசியாவில், ரந்தாவ் பக்கத்தில் ஓர் எஸ்டேட் ஆபீசில் நான் கணக்கெழுதும் கிராணியாக இருந்தேன். கம்ப்யூட்டர் கொஞ்சம் தெரியும் என்று ஒருநாள் வாய்தவறிச் சொன்னதால் அந்த வேலையும் என் தலையில் விழுந்தது. இளையவர்களே, ஆபீசில் எது தெரிந்தாலும் வெளியே காட்டிக்கொள்ளாதீர்கள்.

அன்று காலை ஒரு லோடு செம்பனைக் குலை எடை போடாமலே வெளியே போய்விட்டதாகப் புகார். மானேஜர், கேட்டில் காவல் பார்க்கும் ஜாகா ஆறுமுகத்தைப் பிடித்துக்கொண்டார்.

"மத்தியானத்துக்குள்ள ஹெட் ஆபீசுக்குப் பதில் சொல்லணும். நீ விட்டிருந்தா இன்னைக்கே வேலையும் இல்ல, எஸ்டேட் வீடும் இல்ல."

"நான் விடல சார். கேமராவ பாருங்க."

கேமராப் பதிவு சிரம்பானில், செக்யூரிட்டி கம்பெனியின் சர்வரில் இருந்தது. காலை முழுவதும் ஒரே பைல். எங்கள் இன்டர்நெட் லைனில் அது இறங்குவதற்குள் மறுநாள் விடிந்துவிடும். இந்த பைட்டிலிருந்து இந்த பைட் வரை என்று கேட்டுத் துண்டை மட்டும் இறக்க ஸ்கிரிப்ட் எழுதலாம் என்றேன். மானேஜர் துள்ளி எழுந்தார். மண்டோராக ஆட்களை மேய்த்து மேலே வந்தவர் அவர். எந்த வேலையையும், ஆளுக்கு ஒரு மரவரிசை என்கிற மாதிரி, நிரை பிரித்துத்தான் பார்ப்பார்.

"ஆளுக்கு ஒரு நிரை! அஞ்சு பேர் ஹேண்ட்போன், அஞ்சு துண்டு. முடிஞ்சிருச்சு லா."

"அந்த சர்வர் துண்டு குடுக்குமான்னு முதல்ல பாக்கணும் சார்."

"குலை வெட்டறதுக்கு முன்னாடி மரத்துக்கிட்ட கேப்பியா? போடு லா."

போட்டேன். தன் பங்கு அளவு வந்ததும் ஒவ்வொன்றும் நின்றுவிடும்படி எழுதி, இறங்கிய ஐந்து துண்டையும் ஒட்டி ஓடவிட்டேன்.

திரையில் லாரி உள்ளே வந்தது. சற்று நேரத்தில் அதே லாரி மறுபடி உள்ளே வந்தது. இப்படி ஐந்து முறை வந்தது, ஒருமுறைகூட வெளியே போகவில்லை. ஒவ்வொரு முறையும் ஆறுமுகம் கொட்டாவி விட்டார்.

எனக்கு உடனே புரிந்தது. துண்டு என்ற பேச்சையே சர்வர் காதில் வாங்கவில்லை. ஐந்து பேருக்கும் பைலை முதலிலிருந்தே கொடுத்திருக்கிறது. துண்டு கொடுத்தால் 206 என்று பதில் வரும், முழு பைல் என்றால் 200. எங்களுக்கு வந்தது 200. சொன்னேன். யார் கேட்டார்கள்? மானேஜர் கத்தினார்.

"அஞ்சு லாரி உள்ள நிக்குது! போய்த் தேடுங்க!"

"எல்லாம் ஒரே நம்பர் சார்."

"கள்ள நம்பர் போட்டிருக்கானுங்க!"

திரையின் மூலையில் ஐந்து முறையும் ஒரே நேரம் ஓடியதைக் காட்டினேன். அந்தக் கடிகாரம் கெட்டுப்போச்சு என்றார். இரண்டு பேர் மோட்டார் சைக்கிளில் செம்பனைக் காட்டுக்குள் லாரி தேடக் கிளம்பினார்கள். வாசலில் ஆறுமுகம் மனைவிக்குப் போன் போட்டு, சாமான்களைக் கட்டச் சொல்லிக்கொண்டிருந்தார்.

லாரிக்குப் பின்னால் வந்த வெள்ளைக் காரை நிறுத்திக் காட்டினேன்.

"இது யாரு சார்?"

"நான்தான்."

ஓடவிட்டேன். "இது?"

"அதுவும்... நான்தான்."

ஐந்தாவது மானேஜர் காரிலிருந்து இறங்கிக் கால்சட்டையை மேலே இழுத்துவிட்டுக்கொண்டார். பார்த்துக்கொண்டிருந்த மானேஜருக்கு வியர்த்தது.

"நான் ஒரு தடவைதானே வந்தேன்..."

"மிச்ச நாலு பேரையும் தேடச் சொல்லட்டுமா சார்?"

பிறகு சிரம்பானுக்கு ஆள் அனுப்பி, பென்டிரைவில் முழு பைலையும் எடுத்துவந்தோம். மத்தியானத்துக்கு முன்பே வந்துவிட்டது. அதில் லாரி வெளியே போகுமுன் ஆறுமுகம் மறித்து, எடைச் சீட்டை வாங்கிப் பார்த்துத்தான் கேட்டைத் திறந்தார். எடை போட்டவர்கள்தான் பதிய மறந்திருக்கிறார்கள்.

நான் கற்றது இதுதான். துண்டு கேட்டால் 206 வந்ததா என்று முதலில் பாருங்கள். 200 வந்தால் ஸ்கிரிப்ட் அங்கேயே நின்றுவிட வேண்டும். ஒட்டிப் பார்த்துவிட்டு யோசிக்கலாம் என்று இருந்தால், அதற்குள் யாராவது வீட்டைக் காலி செய்திருப்பார்கள்.

"சரி, போய் வேலைய பாரு," என்றார் மானேஜர். ஆறுமுகம் நகரவில்லை.

"பொண்டாட்டி எல்லாத்தையும் கட்டி வச்சிட்டா சார். யாராச்சும் வந்து அவுத்துக் குடுக்கணும்."

"அனுப்பறேன். எத்தன பேர் வேணும்?"

"நிரையெல்லாம் பிரிக்க வேணாம் சார். நீங்க ஒருத்தர் வந்தா போதும்."

மானேஜர் போனார்.