நான் அழுத காட்சி

ஜெர்சி சிட்டியில் எங்களுக்கு எதிர் வீட்டில் இருப்பவர் அல்பேனியாக்காரர். என்னைவிட மூத்தவர். லிஃப்டில் பார்த்தால் நெஞ்சில் கை வைத்துத் தலை குனிவார். நான் தலைப்பை இழுத்துவிட்டுக்கொண்டு தரையைப் பார்ப்பேன். அவ்வளவுதான் பழக்கம்.

ஒரு நாள் மகள் வந்து, "அம்மா, எதிர்வீட்டு அங்கிள் அவங்க ஊர்ல சினிமாவுக்குக் கதை எழுதினவராம். ஒரு படத்தைப் போட்டுக் காட்டறாராம், நீ பாத்துட்டுச் சொல்லணுமாம்" என்றாள்.

"அஞ்சாங்கிளாஸ் படிச்சவ நான். எனக்கு என்னடி தெரியும்?"

"அதான் வேணுமாம். அவங்க ஊர் பாலிடிக்ஸ் தெரிஞ்ச யாரும் வேணாங்கறார்."

இங்கே ஒரு காலேஜில் அந்தப் படத்தைத் திரையிடக் கேட்டிருந்தார்களாம். ஒரு காட்சியை வெட்டிவிட்டுக் கொடுப்பதா, அப்படியே கொடுப்பதா என்று அவருக்குக் குழப்பம். எந்தக் காட்சி என்று சொல்லவில்லை.

அவர் வீட்டு சோபாவின் ஓரத்தில் மகளோடு உட்கார்ந்து பார்த்தேன். மலையடிவார ஊர். ஒரு தாய். அவள் பிள்ளை எல்லை தாண்டி ஓடப் பார்க்கிறான். அந்தத் தாயே சிப்பாய்களைக் கூட்டி வந்து அவனைப் பிடித்துக் கொடுக்கிறாள். அவர்கள் அவன் கையைக் கட்டும்போது, கிட்டே போய் அவன் சட்டைக் காலரைச் சரி செய்துவிடுகிறாள். நான் தாங்கமாட்டாமல் விசும்பி விசும்பி அழுதேன்.

படம் முடிந்ததும், "அந்த அம்மா காட்சிதான் ரொம்ப நல்லா இருந்துதுன்னு சொல்லு. பெத்தவ மனசு தெரிஞ்சவர்தான் அப்படி எழுத முடியும்னு சொல்லு" என்றேன் மகளிடம்.

மகள் சொல்லச் சொல்ல அவர் முகம் செத்துப்போயிற்று. இங்கிலீஷில் ஏதோ சொன்னார். மகள் தமிழில் சொன்னாள்.

"அவர் முதல்ல எழுதினதுல அந்த அம்மா பையனைத் தப்பிக்க விட்டுடுவாளாம். படத்துக்கு பர்மிஷன் குடுக்கற கவர்மெண்ட் ஆளுங்க மாத்தச் சொல்லிட்டாங்களாம். மாத்தலேன்னா ஜெயிலுதான். ஆனா காலரைச் சரி பண்றதை யாரும் சொல்லலையாம்மா. சும்மா பிடிச்சுக் குடுக்கறதா எழுதினா ஜனங்க நம்பமாட்டாங்கன்னு அவரே சேர்த்தாராம். அங்க கம்யூனிஸ்ட் ஆட்சி போனப்புறம், எல்லையில பிள்ளையைப் பறிகொடுத்தவங்க இவரைத் தெருவுல நிறுத்தி, ஏன் அப்படி எழுதினேன்னு கேட்டாங்களாம். அப்புறம் யாரும் எழுதக் கூப்பிடலை."

எனக்கு உடம்பு கூசிப்போயிற்று. வீட்டுக்கு வந்ததும், "உன்னை யாரு அப்படியே சொல்லச் சொன்னது?" என்று மகளிடம் எரிந்து விழுந்தேன்.

"நீதானேம்மா சொல்லச் சொன்னே!" என்றாள். அதுவும் சரிதான்.

அப்புறம் லிஃப்டுக்குப் போகாமல் படியில் இறங்கினேன். முழங்கால் வலித்தாலும் பரவாயில்லை என்றிருந்தது.

அவர் வெட்டாமலே கொடுத்துவிட்டார். காலேஜுக்கு எங்களையும் கூப்பிட்டார். போகாமல் இருந்தால் இன்னும் தப்பாகிவிடும் என்று போனேன். அந்தக் காட்சி வந்ததும் முன்வரிசையில் இருந்த அவர் எழுந்து, திரை ஓரமாகப் போய், எல்லாரும் பார்க்கும்படி எங்கள் பக்கம் திரும்பி நின்றார். காட்சி முடிகிறவரை அசையவில்லை. இதை எழுதியவன் நான்தான் என்று நிற்கிறார், அது எனக்குத் தெரியும். அந்தக் காட்சி பொய் என்றும் தெரியும்.

அந்தத் தாய் காலரைத் தொட்டாள். எனக்கு மறுபடியும் பொலபொலவென்று கண்ணீர் வந்துவிட்டது. அவர் கண்ணில் படக்கூடாதே என்று முன் சீட்டுக்குப் பின்னால் குனிந்துகொண்டேன்.