பட்டியலில் இல்லாத சமையல் கேம்

கணினியில் காசு கொடுத்து வாங்கிய கேம்களை நான் விளையாடுவதைவிட அடுக்கி வைப்பதுதான் அதிகம். முடித்தவை, பாதியில் நிற்பவை, மழைக்காலத்துக்கானவை, மூளை ஓடாத நாளுக்கானவை என்று, வாங்கியதெல்லாம் வரிசையாகத் தெரியும் கேம் லைப்ரரியில் தனித்தனித் தொகுப்புகள் இருக்கின்றன.

கல்யாணமாகிப் போன அக்கா சென்ற மாதம் வந்திருந்தாள். மொரப்பூரில் ரயிலேறக் கிளம்புவதற்கு முன், "நாம ரெண்டு பேரும் ஆடுவமே, அந்த சமையல் கேம், ஒரே ஒரு ஆட்டம் போடலாம்டி" என்றாள். அதன் பெயர் இருவருக்குமே நினைவில்லை. நான் பெருமையோடு ஒவ்வொரு தொகுப்பாகத் திறந்து காட்டினேன். எதிலும் இல்லை.

"மளிகைக் கடையிலகூட இத்தன டப்பா இருக்காதுடி. ஆனா அங்க கேட்டா பொருள் கெடைக்கும்."

வாசலில் அப்பா வண்டியைக் கிளப்பி ஹாரன் அடித்தார்.

அப்போதுதான் 'மறைத்தவை' என்றொரு தொகுப்பு இருப்பது நினைவுக்கு வந்தது. திறந்தால், உள்ளே அந்த ஒரு கேம்தான் இருந்தது. தனியாக ஆட முடியாத அது லைப்ரரியைத் திறக்கும்போதெல்லாம் கண்ணில் பட்டதால், அக்காவின் கல்யாணம் முடிந்த மறுவாரம் நான்தான் அங்கே தள்ளியிருந்தேன்.

ஒரு ஆட்டம் ஆடினோம். வழக்கம்போல நான் சோற்றைத் தீய விட்டேன், அக்கா திட்டினாள்.

பையைத் தூக்கிக்கொண்டே கேட்டாள். "அத ஏன்டி மறச்சு வெச்ச?"

"டிஸ்க்ல எடமில்லக்கா."

கேமை மறைத்து வைத்தால் டிஸ்கில் துளி இடமும் மிச்சமாகாது. நல்லவேளை, அக்கா பி.காம்.