ரங்கூன் ரொட்டியும் ஆரம்பாக்கத்துப் பெரியப்பாவும்

போன ஞாயிற்றுக்கிழமை கும்மிடிப்பூண்டிக் கடைத்தெருவில் மூன்று பாக்கெட் ரொட்டி வாங்கினேன். கடைக்காரர் என்னை ஏற இறங்கப் பார்த்தார்.

"இன்னா சார், ஊடு முச்சூடும் ஜுரமா?"

அவரைக் குற்றம் சொல்ல முடியாது. நம்மூரில் ரொட்டியை யார் தின்கிறார்கள்? காய்ச்சல்காரர்கள். அதுவும் பாலில் தோய்த்து, முகத்தைச் சுளித்துக்கொண்டு. உடம்பு நன்றாக இருக்கிறவன் ரொட்டி வாங்கினால் ஊருக்கே சந்தேகம் வந்துவிடுகிறது. அதற்கு முன்னால் கறிக்கடையில் இன்னும் மோசம். கறியை நன்றாகப் பொடியாகக் கொத்தச் சொன்னேன். "கோலா உருண்டைக்கா?" என்று கேட்டார் பாய். இல்லை, ரொட்டிக்கு நடுவில் வைக்க என்றேன். மனிதர் கத்தியைக் கீழே வைத்துவிட்டார்.

எல்லாம் ரங்கூன் அக்காவின் உபயம். பர்மாவிலிருந்து கப்பலேறி வந்த குடும்பம். அக்காவின் வீட்டுக்காரரும் நானும் ஒரே கம்பெனி. பக்கத்துப் பக்கத்து வீடு. அங்கே கொத்துக்கறியை எப்படிச் சமைப்பார்கள் என்று அக்கா சொல்லச் சொல்ல, என் மனைவி சரோஜாவுக்கு இருப்புக் கொள்ளவில்லை. வெங்காயம் நறுக்கி, இஞ்சி, பூண்டு, பச்சை மிளகாய் தட்டிப் போட்டு, கறியை நீர் வற்றும்வரை சுருள வதக்க வேண்டும். கடைசியில் ஒரு கறுப்புத் தண்ணீர்... சோயா சாஸ் என்று பெயராம். பார்வைக்குக் கஷாயம். வாசனை? அதை விடுங்கள்... அது கறியோடு சேர்ந்தால் வேறு கதை. மேலே வறுத்த வேர்க்கடலையைப் பொடித்துத் தூவி, எலுமிச்சம்பழம் பிழிந்து, வெள்ளரிக்காய், கொத்துமல்லியோடு இரண்டு ரொட்டித் துண்டுக்கு நடுவில் வைத்து அழுத்தினால் முடிந்தது. கறி சாண்ட்விச்.

இந்த இடத்தில் என் மைத்துனி கமலாவைப் பற்றிச் சொல்லியாக வேண்டும். அப்பா அம்மா இல்லாத பெண். எங்களோடுதான் இருக்கிறாள், ஒரு கம்பெனி ஆபீசில் டைப் அடிக்கிறாள். ஆரம்பாக்கத்திலிருந்து ஒரு வரன் வந்தது. பையன் டர்னர். நல்ல பையன். அப்பா இல்லை, அம்மா வாயைத் திறக்க மாட்டார். அதிகாரம் முழுக்கப் பெரியப்பா கையில்.

அந்தப் பெரியப்பா பையனையும் அம்மாவையும் கூட்டிக்கொண்டு இரண்டு தடவை வந்து பெண் பார்த்தார். இரண்டு தடவையும் பஜ்ஜி சாப்பிட்டார், கேசரி சாப்பிட்டார், மேல்துண்டால் வாயைத் துடைத்துக்கொண்டு, "ஊருக்குப் போய் லெட்டர் போடறோம்" என்றார். ஆரம்பாக்கம் என்ன அடுத்த நாடா? ரயிலில் ஏறி வெற்றிலை மடிப்பதற்குள் வந்துவிடும் ஊர். அங்கே போய் லெட்டர்! அதுவும் வரவில்லை.

இரண்டாவது தடவை அவர்கள் போனதும் கமலா சரோஜாவிடம் சொல்லிவிட்டாள். "எனக்கு அவரைப் புடிச்சிருக்குக்கா. ஆனா இன்னொரு வாட்டி பட்டுப் பொடவை கட்டிக்கினு, பஜ்ஜித் தட்டைத் தூக்கிக்கினு யார் முன்னாடியும் வந்து நிக்க மாட்டேன். இது தட்டிப் போச்சுன்னா, எனக்குக் கல்யாணப் பேச்சே வோணாம்."

விளையாட்டுக்குப் பேசுகிற பெண் இல்லை அவள். அன்றிலிருந்து எங்களுக்குத் தூக்கம் போயிற்று.

சரி, ஞாயிற்றுக்கிழமைக்கு வருவோம். கறி வாணலியில் சுருண்டு கொண்டிருக்கிறது. கமலா ஒரு பழைய நூல் புடவையில், கையெல்லாம் இஞ்சி மணக்க, ரொட்டியை அடுக்கிக்கொண்டிருக்கிறாள். வாசலில் யாரோ கூப்பிட்டார்கள். எட்டிப் பார்த்தால்... பெரியப்பா! பின்னால் அம்மா, அவருக்குப் பின்னால் பையன். பொன்னேரியில் ஒரு விசேஷத்துக்குப் போய்த் திரும்புகிறார்களாம். ஜாதகத்தில் பெரியப்பாவுக்கு ஒரு சின்ன சந்தேகமாம். அவருக்குச் சந்தேகம் சோறு மாதிரி, வேளாவேளைக்கு வேண்டும்.

சரோஜா முகம் வெளிறிவிட்டது. எங்கள் பக்கத்து வழக்கம் உங்களில் பலருக்குத் தெரிந்திருக்கும். சம்பந்தம் முடிவாகும்வரை பிள்ளை வீட்டார் பெண் வீட்டில் பலகாரம், காப்பியோடு நிறுத்திக்கொள்ள வேண்டும். சோறு கூடாது. கறி? மூச்சு விடக்கூடாது. பெண் வீட்டில் கறி சாப்பிட்டால் சம்பந்தம் முடிவாகிவிட்டதாக அர்த்தம். அவர்களைக் கேட்காமல் நாம் கறி வைத்தாலோ, மடக்கப் பார்க்கிறோம் என்று கோபித்துக்கொண்டு எழுந்து போய்விடுவார்கள்.

சரோஜா ஓடிப்போய் வாணலியை மூடினாள். வாசனையை எதைக் கொண்டு மூடுவது?

பெரியப்பா மூக்கை உயர்த்தினார். "இன்னாம்மா அது, மணக்குது?"

"ஒண்ணுமில்லீங்க... ரொட்டி" என்றாள் சரோஜா.

ரொட்டி என்றதும் அவர் முகம் தெளிந்துவிட்டது. அது ஒரு சாப்பாடா என்ன, ஜுரத்துக்குத் தின்கிற சமாச்சாரம், தாராளமாகக் கொண்டு வரலாம் என்று அனுமதி கொடுத்தார். பொன்னேரியில் பந்தி தாமதமாம். ரயிலுக்குப் பயந்து சாப்பிடாமலே கிளம்பிவிட்டார்களாம். நான் திருதிருவென்று விழித்தேன். அதற்குள் கமலா, அதே பழைய புடவையில், தட்டைக் கொண்டுவந்து நடுவில் வைத்துவிட்டாள்.

முதல் கடியிலேயே பெரியப்பாவுக்குத் தெரிந்துவிட்டது. கண் அப்படியே நின்றது. வாய் மட்டும் நிற்கவில்லை. அம்மாவுக்கும் தெரிந்தது, பையனுக்கும் தெரிந்தது. ஆனால் 'கறி' என்கிற வார்த்தையை அந்த அறையில் ஒருவரும் உச்சரிக்கவில்லை. வெயிலைப் பற்றிப் பேசினோம். ரயில் தாமதத்தைப் பற்றிப் பேசினோம். பெரியப்பா இரண்டாவதை எடுத்தார். அரிசி விலையைப் பற்றிப் பேசினோம். மூன்றாவதை எடுத்தார்.

கடைசியில் வாயைத் துடைத்துக்கொண்டு எழுந்தார். "சரி... ஊருக்குப் போய் லெட்டர்..."

"இருங்க மாமா."

பேசியது பையனின் அம்மா. அந்த அம்மாள் குரலை நாங்கள் அன்றுதான் கேட்கிறோம்.

"பஜ்ஜி துன்னுட்டு எய்ந்து போனோம், சரி. இன்னிக்கு இந்த ஊட்ல கறி துன்னுக்கீறோம். துன்னுட்டு, யோசிச்சு சொல்றேன்னு சொல்ல எனக்கு வாய் வரல. தட்டு மாத்த நாள் பாருங்க."

பெரியப்பா தடுமாறிப் போனார். "ரொட்டின்னுதானே சொன்னாங்க?"

"ஜுரக்காரங்க மூணு துன்ன மாட்டாங்க மாமா."

பையன் குனிந்து சிரித்தான். நான் சமையலறைப் பக்கம் திரும்பினேன். கமலா கதவோரம் நின்று கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்தாள். கேட்டால் வெங்காயம் என்றாள். வெங்காயம் நறுக்கி ஒரு மணி நேரம் ஆகியிருந்தது. நான் பஞ்சாங்கத்தை எடுத்து வந்து பெரியப்பா கையில் கொடுத்தேன்.

ஆகவே, பெண்ணைப் பெற்றவர்களே... வரன் வீட்டாரை நல்ல நேரம் பார்த்து வரச் சொல்லி இதுவரை என்ன கண்டோம்? பசி நேரம் பார்த்து வரச் சொல்லுங்கள்.