கதையில் விழுந்த செருப்படி

நான் எழுதிய முதல் கதை ஒருவனைப் பழிவாங்குவதற்காக எழுதியது. இலக்கியம், சமுதாயம் என்று சொல்லி ஏமாற்ற எனக்கு விருப்பமில்லை.

இடஒதுக்கீட்டுப் போராட்டத்தில் சாலையெங்கும் மரங்களை வெட்டிப் போட்டிருந்த நேரம். கச்சிராயபாளையத்தில் வாழ்க்கைப்பட்டிருந்த என் அக்காவை, "கலாட்டா அடங்குற வரைக்கும் உங்க அம்மா வூட்ல இரு" என்று சொல்லி அவள் புருஷன் கள்ளக்குறிச்சிக்கு அழைத்துவந்தான். வழியில் ஒரு புளியமரம் குறுக்கே கிடந்தது. கைக்குழந்தையோடு அவள் ஏறிக் கடந்ததும், அவன் மறுபக்கமே நின்றுகொண்டு மூன்று முறை தலாக் சொன்னான். எட்டிப் பிடிக்க முடியாத தூரத்தில் அவனுக்கு அத்தனை வீரம். மீதி வழியை அக்கா அழுதபடி நடந்தே வந்தாள்.

ஜமாஅத்தில் அவன் வேறு விதமாகச் சொன்னான். அவள் சண்டை போட்டுக்கொண்டு தானாகவே ஓடிவிட்டாளாம், அதனால்தான் தலாக்காம். பெண்களை உள்ளே விடமாட்டார்கள். அக்கா சொன்னதை எங்கள் அத்தா போய்ச் சொன்னார். "சாட்சி யாருங்க?" என்று கேட்டார்கள். வெட்டிப்போட்ட மரத்தையா கூப்பிட முடியும்? ஓடிப்போனவள் என்ற பெயர் அக்காவுக்கு. அவனுக்கோ புதுப் பெண் பேசி முடித்தார்கள்.

உட்கார்ந்து எழுதினேன். பெயர் இல்லை, ஊர் இல்லை. மரமும் குழந்தையும் தலாக்கும் நடந்தபடியே. ஒன்றை மட்டும் நானாகச் சேர்த்தேன். கதையில் அந்தப் பெண் மரத்தின்மேல் திரும்ப ஏறி வந்து, செருப்பைக் கழற்றி அவன் கன்னத்தில் அறைகிறாள்.

பத்திரிகையில் வந்ததும் அது கைமாறி அவன் ஊர்வரை போயிற்று. டீக்கடையில் அவனைக் கண்டாலே ஆட்கள் குனிந்து செருப்பைத் தேடுவதுபோல் நடித்தார்களாம். பொறுக்கமாட்டாமல் அவனே ஜமாஅத்தைக் கூட்டச் சொன்னான். புதுப் பெண்ணின் தகப்பனாரும் வந்திருந்தார். நானும் அக்காவும் ஜமாஅத் கூடிய இடத்துக்குப் பக்கத்து வீட்டு ஜன்னலோரம் நின்றோம்.

"இன்னாங்க இது, பொய்யா எழுதிக்கினு! அவ எங்க என்னை அடிச்சா? மரத்துக்கு அந்தாண்டயே நின்னுக்கினு அழுதுக்கினு இருந்தா! நான் தலாக் சொல்லிட்டு வந்துக்கினே இருந்தேன்!"

ஜமாஅத் தலைவரான முத்தவல்லி நிதானமாகக் கேட்டார்: "அப்ப அந்தப் புள்ள தானா ஓடலியா, தம்பி?"

பெண்ணின் தகப்பனார் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு வெளியே போய்விட்டார். அந்தக் கல்யாணம் நின்றது. அவன்மேல் எனக்கு அன்றும் இரக்கம் வரவில்லை, இன்றும் இல்லை.

வீட்டுக்குள் வந்து கதவைச் சாத்தியதும் அக்கா என் பக்கம் திரும்பினாள்.

"ஒரு அடியோட ஏன்டி நிறுத்துன?" என்றாள்.