நெஞ்சுக்குள் ரம்பம்

ஹவுராவில் அலுவலகம் முடிந்து படகில் திரும்பிக்கொண்டிருந்தேன். ஓடவில்லை, படியேறவில்லை, யாரோடும் சண்டைகூடப் போடவில்லை. ஆனாலும் நெஞ்சுக்குள் யாரோ தீபாவளி நெருக்கத்துத் தையல்காரர் மாதிரி மிஷினை மிதித்துக்கொண்டிருந்தார்கள். கைக்கடிகாரம் நாடித்துடிப்பை நூற்றைம்பது என்றது.

என் முகத்தைப் பார்த்த பக்கத்து சீட் பெங்காலிக்காரர், "கேஸ் ஹொயேச்சே" என்று தீர்ப்புச் சொன்னார். கொல்கத்தாவில் காதல் தோல்விக்கும் காரணம் வாயுத் தொல்லைதான். ஒரு மாத்திரையும் கொடுத்தார். சப்பினேன். நூற்றைம்பது.

லேக் கார்டன்ஸ் வீட்டில் படுத்துப் பார்த்தேன், நின்று பார்த்தேன், தண்ணீர் குடித்துப் பார்த்தேன். ஒன்று கூடவில்லை, குறையவில்லை. மனைவி டாக்ஸி பிடித்தாள். நான் பின்சீட்டில் சாய்ந்து உயில் வாசிக்க ஆரம்பித்தேன்.

"பொண்ணுக்கு இப்பச் சொல்லாதே. பரீட்சை நேரம்."

"அவ பரீட்சையெல்லாம் முடிச்சு வேலைக்கே போயாச்சு. வாயை மூடிட்டு மூச்சு விடுங்க."

நர்சிங் ஹோமில் என் மேல் ஒயர்களை ஒட்டி ஈ.சி.ஜி. எடுத்தார்கள். டாக்டர் சின்னப் பெண். காகிதத்தை உற்றுப் பார்த்தவர், என் பெங்காலி மீன் பேரம் பேச மட்டுமே உதவும் என்று புரிந்துகொண்டு மனைவியிடம் பேசினார். எனக்குப் பிடிபட்டது ஒரே வார்த்தை.

"கராத்தேயா? நெஞ்சுக்குள்ளேயா?"

"கராத்தே இல்லைங்க, கொராத். ரம்பம். கோடு ரம்பத்தோட பல்லு மாதிரி போகுதோன்னு சந்தேகப்படறாங்க."

"ரம்பமா!"

"இத்தனை வருஷமா வாயாலதான் போடறீங்கன்னு நினைச்சேன்."

டாக்டர் விளக்கினார், இம்முறை ஆங்கிலத்தில். இதயத்தின் மேல் அறை நிமிஷத்துக்கு முந்நூறு தடவை படபடக்கிறது, கீழ் அறை இரண்டுக்கு ஒன்றை மட்டும் ஏற்றுக்கொள்கிறது. மேலிடத்து உத்தரவில் பாதிதான் கீழே நடக்கும் என்றால், மத்திய அரசு ஊழியனின் இதயம் வேறு எப்படி இருக்கும்? என்ன செய்தாலும் நூற்றைம்பதிலேயே நிற்பதுதான் அவருக்குச் சந்தேகம் தந்ததாம். ஆனால் கீழ் அறையின் பெரிய துடிப்புகள் நெருங்கி வந்து மேல் அறையின் பற்களை மறைக்கின்றன. ஓர் ஊசி போட்டால் கீழ் அறை சற்று நிற்கும். அந்த இடைவெளியில் பற்கள் தெரிந்தால் நிச்சயம்.

"சில நொடி செத்துப்போற மாதிரி இருக்கும்" என்று சேர்த்துக்கொண்டார். "பொய் பாபேன் நா, காக்கு." பயப்படாதீர்கள் அங்கிள் என்று அர்த்தம். என் தமிழ்க் காதில் 'பொய்' மட்டும் விழுந்தது.

ஊசி ஏறியது. நெஞ்சில் யாரோ உட்கார்ந்தார்கள். உலகம் மெல்ல நழுவியது. இனிச் சொல்லப்போவதுதான் என் கடைசி வார்த்தை என்று தெரிந்தது. மனைவியிடம் நல்லதாக ஏதாவது சொல்ல வேண்டும் என்று வாயைத் திறந்தேன். "குக்கரை இறக்கினியா?" என்று வந்தது.

"இறக்கிட்டேன்" என்றாள்.

"கீ ஷுந்தொர்!" என்று கூவினார் டாக்டர். எவ்வளவு அழகு! என்னையல்ல, காகிதத்தை. நர்ஸ்களும் எட்டிப் பார்த்தார்கள். பெரிய துடிப்புகள் ஒதுங்கிய இடத்தில், புதிதாகத் தீட்டியது போல வரிசையாகப் பற்கள். ஏட்ரியல் ஃப்ளட்டர், அதாவது மேல் அறையின் படபடப்பு, என்று நோய்க்குப் பெயர் வைத்தார். பிறகு தையல் மிஷின் மறுபடி கிளம்பியது. நான் சாகவில்லை என்பதை அதை வைத்துத்தான் தெரிந்துகொண்டேன்.

மறுநாள் காலை மயக்க மருந்து கொடுத்து, சின்ன மின்சார அடி ஒன்று வைத்து, துடிப்பைச் சரிசெய்தார்கள். ரத்தம் உறையாமலிருக்க மாத்திரை. படபடப்பு மறுபடி வந்தால் உடனே வரச் சொன்னார்கள்.

வீட்டுக்குப் போகும் டாக்ஸியில் மனைவி என் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டாள். நான் ஏதோ ஆரம்பித்தேன்.

"உஷ். எண்ணிட்டிருக்கேன்."

எண்ணி முடித்த பிறகும் கையை விடவில்லை. நானும் வீடு வரும்வரை வாயைத் திறக்கவில்லை.