கோயில் அரிசி ஏற்றிய வண்டி

பிள்ளைகளா, உங்கள் தாத்தா அரிசி கடத்திப் போலீஸில் மாட்டியவர் என்று பள்ளிக்கூடத்தில் யாரோ சொன்னதாக வந்து கேட்டீர்கள். வாயால் சொன்னால் ஏதாவது விட்டுப்போகும். எழுதித் தருகிறேன், இரண்டு பேரும் படித்துக்கொள்ளுங்கள்.

அப்போது எனக்கு ஒன்பது வயது. அப்பாவிடம் ஒரு மினி வேன் இருந்தது. நெல் மூட்டை, வைக்கோல், கல்யாணப் பாத்திரம் எல்லாம் ஏற்றுவார். டிரைவர் பக்கத்தில் இருந்த ஒரே சீட் என்னுடையது என்று நானே முடிவு செய்திருந்தேன்.

பங்குனியில் எங்கள் ஊர்க்காரர்கள் பக்கத்து ஊர் அம்மன் கோயிலில் ஒருநாள் சாப்பாடு போடுவார்கள். அதற்கு வீட்டுக்கு ஒரு படி அரிசி. சாக்கைப் பிடிப்பவர் முகத்தைத் திருப்பிக்கொள்ள வேண்டும். யார் என்ன அரிசி போட்டார்கள் என்று பார்க்கக் கூடாது. அந்த வருஷம் சம்பா மழையில் சாய்ந்துவிட்டது. சாக்கைப் பிடித்த நான் ஒவ்வொரு வாசலிலும் எட்டிப் பார்த்தேன். பாதி வீட்டில் ரேஷன் அரிசி. நடவு வேலைக்குப் போகும் கீழத்தெரு அத்தை, போட்டுவிட்டுச் சாக்கின் வாயைத் தானே சுருட்டி மூடினார்.

கோயிலுக்குப் போகும் வழியில் நீடாமங்கலம் ரயில்வே கேட்டில் நின்றபோது, ரேஷன் அரிசிக் கடத்தலைப் பிடிக்கும் சோதனைக்காரர்கள் மூட்டையைக் குத்திப் பார்த்தார்கள். அதிகாரி உள்ளங்கையில் அரிசியைப் பரப்பினார்.

“ரேஷன் அரிசிய மூட்டை மூட்டையா எங்கய்யா கொண்டு போற?”

“கோயில் சாப்பாட்டுக்குங்க சார். வீடு வீடா வாங்கினது.”

“எந்தெந்த வீடு? பேரச் சொல்லு, நான் அவங்கள விசாரிச்சுக்கறேன். நீ வண்டிய எடுத்துட்டுப் போ.”

எனக்கு எல்லா வீடும் தெரியும். வாயைத் திறந்தேன். அப்பா என் தொடையை அழுத்தினார்.

“குடுத்தவங்க பேர சாமிகிட்டயே சொல்றதில்ல சார்.”

“அப்ப சாமியே வந்து வண்டிய மீட்டுக்கட்டும்.”

பறிமுதல் செய்த வண்டி அவர்கள் ஆபீஸுக்குப் பின்னால் வெயிலிலும் மழையிலும் நின்றது. பள்ளிக்கூடம் விட்டதும் அந்த ஆபீஸ் மதில் வரை போய்ப் பார்ப்பேன். டயர் ஒவ்வொன்றாகத் தரையோடு ஒட்டியது. கண்ணாடியில் தூசி ஏறி என் சீட்டே தெரியாமல் போயிற்று. அப்பா யாரோ ஒருவருடைய லாரிக்கு டிரைவராகப் போய், வாரத்துக்கு ஒருமுறைதான் வீட்டுக்கு வந்தார். வண்டி வந்தால் அப்பாவும் வந்துவிடுவார் என்று காத்திருந்தேன். ஒரு பேரைச் சொல்லியிருந்தால் என்ன என்று அவர்மேல் கோபமும் இருந்தது.

ஐந்து மாதம் கழித்து, வண்டியைத் திருப்பிக் கொடுக்கச் சொல்லிக் கோர்ட் உத்தரவு போட்டது. வழக்கு முடியும்வரை விற்கக் கூடாது, பெயிண்ட் மாற்றக் கூடாது, கூப்பிட்டால் கொண்டுவந்து நிறுத்த வேண்டும். சொத்து இருப்பதைக் காட்டி இரண்டு பேர் ஜாமீன் நிற்க வேண்டும். ஒருவர் சித்தப்பா. இன்னொருவருக்காக, நிலம் வைத்திருந்த மூன்று வீட்டில் அப்பா கேட்டார். கேஸ் என்றதும் மூன்று பேருக்கும் அன்றைக்கே வெளியூரில் வேலை வந்துவிட்டது.

கோர்ட் வாசலில், வீட்டு வரி ரசீதைப் பிளாஸ்டிக் கவரில் சுற்றிக்கொண்டு கீழத்தெரு அத்தை நின்றார்.

“இருக்கறதே அந்த ஒரு வீடுதான் அக்கா. யோசிச்சுக்குங்க,” என்றார் அப்பா.

“யோசிச்சுட்டுத்தான் வந்துருக்கேன். எங்க கையெழுத்துன்னு காட்டு தம்பி, நடவு கெடக்கு.”

வண்டியை மீட்டதும் நான் ஓடிப்போய் முன் சீட்டில் ஏறிக்கொண்டேன். சித்தப்பா தன் பைக்கில் போய்விட்டார்.

“எறங்குடா. அத்தை உக்காரட்டும்.”

நான் சீட்டை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டேன். அப்பா கையை ஓங்கினார்.

“வுடு தம்பி. புள்ள அஞ்சு மாசமா ஏங்கிக் கெடக்குது. எனக்குப் பின்னாடிதான் காத்து வரும்,” என்று அத்தை புடவையைச் செருகிக்கொண்டு பின்னால் ஏறிவிட்டார்.

வழியெல்லாம் அப்பா மெதுவாகவே ஓட்டினார். “வேகமாப் போங்கப்பா,” என்றேன். அவர் கண்ணாடியில் பின்னால் பார்த்துக்கொண்டே வந்தார்.

வழக்கு பிற்பாடு ஒன்றுமில்லாமல் போயிற்று. பேரைச் சொல்லியிருந்தால் கீழத்தெருவில் பாதி வீட்டுக்கு ரேஷன் கார்டு பறிபோயிருக்கும். அது எனக்கு அன்று தெரியாது. அப்பா வாயை மூடிக்கொண்டதையும் அத்தை ரசீதோடு வந்ததையும் சேர்த்துப் பார்க்கவும் தெரியவில்லை.

வண்டி வீட்டுக்கு வந்த மறுநாள் மதியம் அப்பா படுத்திருந்தபோது நான் வண்டியின் பின்னால் ஏறி, அத்தை உட்கார்ந்து வந்த இடத்தில் உட்கார்ந்தேன். தகடு சுட்டது. எழுந்திருக்காமல் கொஞ்ச நேரம் அப்படியே இருந்தேன்.